புகழ்ந்துரைக்கும் பொய்ச்சான்று

"அம்மக்களை அவர் இழிவாகவா காட்டினார்? உயர்வாகத்தானே காட்டியிருக்கிறார்! பிறகென்ன குறை?"

அண்மையில், திரைப்பட ஆர்வலர் சிலர் கூடிய ஒரு மாலைப்பொழுதில் நண்பர் ஒருவர் என்னிடம் தொடுத்த வினா இது. ராபர்ட் ஃபிளஹர்ட்டியின் 'மேன் ஆஃப் அரான்' என்னும் படத்தை அப்போதுதான் பார்த்து முடித்திருந்தோம். கூட்டத்தில் பெரும்பாலோர் நண்பரின் பக்கமே நின்றனர். அலைகளின் பேரழகில் அனைவரும் மயங்கிப்போயிருந்த நேரம் அது. நான் சொல்ல முயன்றதை எவரும் கேட்கும் நிலையில் இல்லை. எனக்கும் அன்று அதைத் தெளிவாகச் சொல்லத் தெரியவில்லை. அந்த விடையை இங்கே எழுதுகிறேன்.

என் கருத்தை ஒளிக்காமல் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஒரு சமூகத்தைப் பற்றிப் பொய்யாக இகழ்ந்து படமெடுப்பவனைவிட, பொய்யாகப் புகழ்ந்து படமெடுப்பவனே கூடுதலான தீங்கு செய்கிறான். இகழப்பட்டவர் எழுந்து நின்று "இது பொய்" என்று கூவலாம். ஊரும் அவருக்குத் துணைநிற்கும். புகழப்பட்டவர் எதைச் சொல்லி முறையிடுவார்? "என்னை ஏன் வீரன் என்றீர்?" என்று வழக்குத் தொடுக்க முடியுமா? எட்டாம் கட்டளை பிறர்க்கு எதிராகப் பொய்ச்சான்று சொல்லாதே என்கிறது. புகழ்ச்சியும் பிறர்க்கு எதிரான சான்றாக முடியும் என்பதை நம் மறைக்கல்வியில் எவரும் நமக்குச் சொல்லித் தரவில்லை.

படத்தைப் பார்க்காதவர்களுக்காகச் சில செய்திகள். அயர்லாந்தின் மேற்குக் கரையில், கால்வே வளைகுடாவின் வாயிலில் மூன்று தீவுகள் உள்ளன. அவற்றுள் பெரியது இனிஷ்மோர். பாறையே நிலமாகிய ஊர் அது. மணலையும் கடற்பாசியையும் சுமந்து வந்து பாறையின்மேல் பரப்பி, மண்ணையே உண்டாக்கி, அதில் உருளைக்கிழங்கு நட்டவர்கள் அம்மக்கள். படம் இதைக் காட்டுகிறது, இது மெய்யே. தார் பூசிய துணியைப் போர்த்திய மெல்லிய மரச்சட்டப் படகுகளில் அவர்கள் அட்லாண்டிக் பெருங்கடலுக்குள் சென்றதும் மெய்யே. 1934இல் வெளிவந்த இப்படம் அவ்வாண்டே வெனிஸ் திரைப்பட விழாவில் சிறந்த அயல்நாட்டுப் படத்துக்கான பரிசைப் பெற்றது.

படத்தின் உச்சம் சுறா வேட்டை. ஒரு பெருஞ்சுறாவின் மீது எறியுளியை வீசி, படகையே இழுத்துச் செல்லும் அதனோடு ஆடவர் போராடுகின்றனர். விளக்கெரிக்க அதன் ஈரல் எண்ணெய் வேண்டும். அதற்காகவே இந்த உயிர்ப்போர் என்று நாம் நம்ப வைக்கப்படுகிறோம். உண்மையோ வேறு. படமெடுத்த காலத்தில் அத்தீவினருள் எவருக்கும் அந்த வேட்டை தெரியாது. அது பல பத்தாண்டுகளுக்கு முன்பே கைவிடப்பட்ட தொழில். இவர்களுக்கு எறியுளி வீசக் கற்றுக்கொடுத்துத்தான் படம்பிடிக்க வேண்டியிருந்தது. அந்தச் சுறாவோ, வாயைத் திறந்தபடி நீந்தி, நீரில் மிதக்கும் நுண்ணுயிர்களை வடிகட்டித் தின்னும் சாதுவான மீன். தந்தை, தாய், மகன் என்று நாம் காணும் குடும்பமும் குடும்பமன்று. முகப்பொலிவு கருதித் தனித்தனியே தேர்ந்தெடுக்கப்பட்ட மூவர் அவர்கள், ஒருவருக்கொருவர் உறவில்லாதவர்கள். இறுதிக் காட்சியில் புயலினூடே படகைக் கரைசேர்க்கத் தத்தளிக்கிறார்களே, அந்த ஆபத்து மட்டும் நடிப்பன்று. அவர்களை அக்கடலில் இறக்கியதற்காகத் தம்மைச் சுட்டிருக்க வேண்டும் என்ற பொருள்பட ஃபிளஹர்ட்டியே பிற்காலத்தில் வருந்திச் சொன்னதுண்டு. அந்த வருத்தத்தை மதிக்கிறேன். ஆயினும் அது உயிர்களைப் பற்றிய வருத்தமே; உண்மையைப் பற்றியதன்று.

இத்தனையும் திரைப்பட வரலாறு படித்தவர்கள் அறிந்தவையே. நண்பரும் அறிவார். "கலைக்குச் சற்றுப் புனைவு வேண்டாமா? மறைந்துபோன பழைய வாழ்வை மீட்டெடுத்துக் காட்டினார், அவ்வளவுதானே!" என்பது அவர் வாதம். நன்று, அவ்வாதத்தையே ஏற்றுக்கொண்டு மேலே செல்வோம்.

பழங்காலத்தைத்தான் மீட்டார் என்றால், அந்தப் பழங்காலத்திலிருந்து சுறாவை மட்டும் ஏன் மீட்டார்? அம்மக்கள் எறியுளி வீசிய அதே 19ஆம் நூற்றாண்டில்தான், தீவில் கால்வைக்காத நிலக்கிழாருக்கு அந்தப் பாறைக்கும் வாடகை செலுத்தினார்கள். தம் முதுகில் மண்சுமந்து தாமே உண்டாக்கிய வயலுக்கு வாடகை! கட்டத் தவறியவன் வீட்டுக்கு ஏவலர் வந்தனர். சுறாவை உயிர்ப்பிக்க முடிந்த இயக்குநருக்கு அந்த ஏவலனை உயிர்ப்பிக்கவா முடியாமற்போயிற்று? அவன் வந்திருந்தால் படம் வேறாகியிருக்கும். மனிதனுக்கு எதிரே கடல் மட்டுமே நிற்கும்போது குற்றவாளி என்று எவரும் இல்லை. கடலைக் கூண்டிலேற்ற முடியாது. கண்கலங்கிக் கைதட்டிவிட்டு வீடு திரும்பலாம். டப்ளினில் நடந்த முதல் காட்சிக்கு நாட்டின் தலைவர் டி வலேராவே வந்திருந்தார். எளிமையும் தன்மானமும் கொண்டு, எவரிடமும் கையேந்தாமல் பாறையிலே பயிர்விளைக்கும் குடிமக்கள் எந்த அரசுக்குத்தான் கசப்பார்கள்? அத்தீவின் இளைஞர்களோ அமெரிக்காவுக்குக் கப்பலேறிக்கொண்டிருந்தனர். படத்தில் ஒருவரும் கப்பலேறுவதில்லை.

அடுத்ததாக, நம் இதழின் வாசகர்கள் எதிர்பார்த்திருக்கும் குறைக்கு வருகிறேன். தூய எண்டா துறவுமடம் நிறுவிய தீவு இனிஷ்மோர். ஆயிரத்தைந்நூறு ஆண்டுகளாகச் செபம் ஒலித்த மண் அது. இடிந்த சிற்றாலயங்கள் தீவெங்கும் சிதறிக் கிடக்கின்றன. ஃபிளஹர்ட்டி காட்டும் அரானில் திருப்பலி இல்லை, குருவானவர் இல்லை, படகிலேறும் முன் சிலுவை வரைந்துகொள்ளும் கையும் நம் கண்ணில் படுவதில்லை. கத்தோலிக்கத்துக்கு விளம்பரம் கிடைக்கவில்லையே என்பது என் மனக்குறையன்று. அத்தகைய விளம்பரங்களைப் பற்றியும் பின்னர்ச் சொல்ல இருக்கிறேன். என் வினா வேறு. கடலுக்குப் போனவன் திரும்பிவராத இரவில் அந்தத் தாய் யாரை அழைத்திருப்பாள்? அந்தப் பெயரை அவள் வாயிலிருந்து எடுத்துவிட்டால் எஞ்சுவது யார்? "மனிதன்" என்ற பொதுப்பெயர் மட்டுமே எஞ்சும். ஊரும் இல்லை, உறவும் இல்லை, நம்பிக்கையும் இல்லை, பூசலும் இல்லை. மொழியும் இல்லை என்றே சொல்ல வேண்டும். அவர்களுடைய தாய்மொழி ஐரிஷ். ஒலியின்றிப் படம்பிடித்து, பின்னர் அவர்களை இலண்டனுக்கு வரவழைத்துக் குரல்சேர்த்தார்கள். அலையோசைக்கிடையே சிதறிக் கேட்கும் சொற்களிலும் பெரும்பகுதி ஆங்கிலமே.

ஒன்றை நேர்மையோடு ஒப்புக்கொள்ள வேண்டும். அவர்கள் இலண்டனுக்கு வந்திருந்தபோதே, அயர்லாந்து அரசின் வேண்டுகோளுக்கிணங்க, அதே தீவினர் அடுப்பைச் சூழ்ந்து அமர்ந்து ஐரிஷ் மொழியில் கதை கேட்கும் ஒரு குறும்படத்தையும் ஃபிளஹர்ட்டி எடுத்தார். பல்லாண்டுகள் தொலைந்து கிடந்த அப்படம் 2012இல்தான் ஹார்வர்டு பல்கலைக்கழக நூலகத்தில் மீண்டும் கண்டெடுக்கப்பட்டது. அம்மக்களின் பேச்சு செவிக்கினியது என்பதை அவர் அறியாதவரல்லர். அறிந்தவர்தாம், உலகம் முழுவதும் செல்லவிருந்த படத்திலிருந்து அதை விலக்கினார்.

அவருடைய முதற்படமாகிய 'நானூக் ஆஃப் த நார்த்' (1922) பற்றி இங்கு விரிவாகப் பேசப் போவதில்லை. ஒரே ஒரு காட்சி போதும். வணிகனின் இசைத்தட்டைக் கையில் வாங்கி, வியந்து, பல்லால் கடித்துப் பார்க்கிறார் அந்த இனுயிட் வேட்டைக்காரர். இசைப்பெட்டி என்னவென்று அவருக்கு முன்னரே தெரியும். அவர் இயற்பெயரும் நானூக் அன்று, அல்லாகாரியல்லாக். துப்பாக்கி கையாளத் தெரிந்தவர் கையில் ஈட்டியைக் கொடுத்தார்கள். படத்துக்குப் பணம் தந்ததோ, அவர்களிடம் மென்மயிர்த் தோல் வாங்கும் ஒரு பிரெஞ்சு வணிக நிறுவனம். ஆனால் படத்தில் கடிபடுவது அந்த வணிகமன்று, இசைத்தட்டே! பார்வையாளர் சிரித்தார்கள். குழந்தையுள்ளம் என்று பாராட்டவும் செய்தார்கள். இந்தப் பாராட்டைத்தான் நான் பொய்ச்சான்று என்கிறேன்.

ஃபிளஹர்ட்டியின் சார்பில் சொல்லத்தக்க வலுவான வாதம் ஒன்றுண்டு. நண்பர் அதைச் சொல்லவில்லை; நானே சொல்லிவிடுகிறேன். அவர் வந்த அன்றே படம்பிடித்துத் திரும்பியவரல்லர். பனிநிலத்தில் ஓராண்டுக்கும் மேலாகத் தங்கினார். எடுத்த சுருளை அங்கேயே கழுவி, அம்மக்களுக்கே திரையிட்டுக் காட்டினார். அடுத்த காட்சிக்கு அவர்களும் யோசனை சொன்னார்கள். இதற்காகவே பிரெஞ்சு இயக்குநர் ழான் ரூஷ் அவரைத் தம் முன்னோடியாகக் கொண்டாடினார். கேமராவைத் தூக்கிக்கொண்டு இரண்டே நாளில் ஒரு சமூகத்தை 'முடித்துவிட்டு' வருகிற நம் காலத்துத் தொலைக்காட்சியினர் அவர் காலடி மண்ணுக்கும் ஈடாக மாட்டார்கள். ஆனால் "படம் நன்றாக வந்திருக்கிறதா?" என்று கேட்பது ஒன்று, "இது நீங்கள்தாமா?" என்று கேட்பது மற்றொன்று. முதற்கேள்விக்கு நண்பர்கள் எல்லோருமே தலையசைப்பார்கள். இரண்டாவது கேள்வியை அவர் கேட்டதாகத் தெரியவில்லை.

அந்த இரண்டாவது கேள்வியைக் கேட்ட படங்களும் உண்டு. அவற்றைப் பற்றி நம் திரைப்பட ஆர்வலர்கள் மிகக் குறைவாகவே பேசுகின்றனர். ஏனெனில் அவற்றில் அலைகள் அத்துணை அழகாக இல்லை!

அட்லாண்டிக்கின் மறுகரையில், கனடாவின் நியூஃபவுண்ட்லாந்தை ஒட்டி ஃபோகோ என்றொரு தீவு இருக்கிறது. அதுவும் மீனவர் தீவே. அங்குள்ள டில்டிங் என்ற சிற்றூரில் அயர்லாந்திலிருந்து குடிபெயர்ந்தோரின் வழித்தோன்றல்களான கத்தோலிக்கர் வாழ்கின்றனர். ஏனைய ஊர்களில் ஆங்கிலிக்கன் சபையினரும் பிற சீர்திருத்தச் சபையினரும். 1960களில் அங்கே ஏறத்தாழப் பத்து ஊர்கள், ஐயாயிரம் மக்கள் இருந்தனர். அன்று ஒவ்வொரு சபைக்கும் தனிப் பள்ளிக்கூடம் இருந்தது! ஓர் ஊரார் மறு ஊராரோடு கூடிப் பேசுவதே அரிதாயிருந்தது. 1960களில் மீன்பிடித் தொழில் நலிந்தது. சிதறிக் கிடக்கும் சிற்றூர்களைக் காலிசெய்துவிட்டு வேறிடம் பெயரும்படி அரசு வற்புறுத்தியது. அந்நிலையில்தான் 1967இல், மெமோரியல் பல்கலைக்கழகத்தின் துணையோடு, கனடாவின் தேசியத் திரைப்பட வாரியத்தைச் சேர்ந்த காலின் லோ என்னும் இயக்குநர் அங்கு வந்தார்.

அவர் செய்த முதற்காரியம், தம் தொழிலின் பெருமை ஒன்றைத் துறந்தது. ஒருவர் பேச்சை நறுக்கி, அதற்கு எதிராக மற்றவர் பேச்சை ஒட்டி, மோதலை உண்டாக்கிப் பார்வையாளரை ஈர்ப்பது ஆவணப்படத் தொகுப்பின் பழகிய உத்தி. நகரத்தில் அது விறுவிறுப்பு. நாளை காலை ஒரே துறையில் வலையிறக்க வேண்டிய இருவருக்கு அது தீராப்பகை. ஆகவே ஒவ்வொருவர் பேச்சையும், ஒவ்வொரு நிகழ்வையும் தனித்தனிக் குறும்படமாக, முழுமையாக விட்டுவைத்தார். ஒரு பெரிய படத்துக்கு மாறாக 20க்கும் மேற்பட்ட சிறு படங்கள் உருவாயின. பேசியவர் முதலில் தம் படத்தைப் பார்த்தார். வேண்டாம் என்ற பகுதியை நீக்கச் சொல்ல அவருக்கு உரிமை இருந்தது. அவர் இசைந்த பின்னரே மற்ற ஊர்களுக்குப் படம் சென்றது. நேருக்கு நேர் பேசத் தயங்கியவர்கள் ஒருவரையொருவர் திரையில் கேட்டார்கள். கத்தோலிக்கனின் கடன்சுமையும் ஆங்கிலிக்கனின் கடன்சுமையும் ஒன்றே என்பது, மறையுரைகளில் கேட்டு விளங்காதவர்களுக்கும் அங்கே விளங்கிற்று. பின்னர்ப் படங்கள் அரசுக்கு எடுத்துச் செல்லப்பட்டன. அமைச்சர் அளித்த மறுமொழியும் படமாக்கப்பட்டுத் தீவில் திரையிடப்பட்டது. தீவினர் கூட்டுறவுச் சங்கம் அமைத்தார்கள். பெரிய படகுகளைத் தாமே கட்டினார்கள். தீவை விட்டுப் பெயரவில்லை.

படமே தீவைக் காப்பாற்றியது என்று எழுதுவோர் உண்டு. அது மிகை. தீவின் முன்னேற்றத்துக்கென ஒரு குழு அங்கே முன்னரே இயங்கிவந்தது. படங்கள் அதன் குரலைப் பிற ஊர்களுக்குக் கேட்கச் செய்தன. கலைச்சுவை தேடுவோருக்கு அவற்றில் பல சலிப்பூட்டும் என்பதையும் மறைக்கவில்லை. நீளமான பேச்சு, அசையாத கேமரா. வெனிஸில் பரிசு பெறத்தக்கவை அல்ல. ஃபோகோ முயற்சியை ஈன்றெடுத்த அதே திட்டத்தைப் பின்னர் வழிநடத்தியவர்களுள் ஒருவரான ஜார்ஜ் ஸ்டோனி, 1978இல் அரான் தீவுக்கே சென்று, ஃபிளஹர்ட்டியின் படத்தில் நடித்து உயிரோடிருந்தவர்களைக் கண்டு, அந்தப் புனைவு உருவான விதத்தைப் பற்றி ஒரு படமெடுத்தார். ஏறத்தாழ 44 ஆண்டுகளுக்குப் பிறகேனும் அந்த இரண்டாம் கேள்வி அங்கே கேட்கப்பட்டது.

இனி நம் வீட்டுக்கு வருவோம். "எங்கோ அயர்லாந்து, எங்கோ கனடா; நமக்கென்ன?" என்பார்க்குச் சொல்கிறேன்.

திரையரங்குகளில் படம் தொடங்குமுன் காட்டப்பட்ட அரசுச் செய்திப்படங்களை மூத்த வாசகர்கள் மறந்திருக்க மாட்டார்கள். பழங்குடியினர் ஆடுவர், கனத்த குரலொன்று அவர்களுக்காகப் பேசும். அவர்கள் பேசி நாம் கேட்டது அரிது. அதைப் பார்த்து நகைத்த நாம், நம் திருச்சபைப் படங்களில் செய்வதென்ன? பங்கு விழா, வெள்ளி விழா, மறைமாவட்ட யூபிலி என எதுவாயினும் ஆலயக் கோபுரம், ஆயரின் ஆசி, குத்துவிளக்கு, புன்னகைக்கும் குழந்தைகள்! அந்த ஊரின் கல்லறைத் தோட்டத்தில் சாதிக்கொரு சுவர் நின்றால் கேமரா திரும்பிக்கொள்ளும். 2006இல் இயக்குநர் ஆர். பி. அமுதன், திருச்சியில் காலணி தைத்து வாழும் கிறிஸ்தவ அருந்ததியரைப் பற்றிச் 'செருப்பு' என்ற படத்தை எடுத்தார். அவர்கள் கிறிஸ்தவர்கள் என்பதால், 1950ஆம் ஆண்டின் குடியரசுத் தலைவர் ஆணைப்படி பட்டியல் சாதியினர் என்ற உரிமை இல்லை. சாதியினால் வரும் இழிவு மட்டும் குறைவின்றி உண்டு. அப்படம் எத்தனை பங்குகளில் திரையிடப்பட்டது? நம்முள் சிலர் "திருச்சபையின் பெயர் கெட்டுவிடுமே" என்கிறார்கள். பெயர் கெடுவது படத்தாலா?

அடியேனும் குற்றமற்றவனல்லன். 2004ஆம் ஆண்டு டிசம்பர் 26இல் கடல் பொங்கி வந்ததற்குச் சில மாதங்களுக்குப் பின், ஒரு கடற்கரைப் பங்குக்கு அறக்கொடை திரட்டும் நிறுவனம் ஒன்றின் படக்குழு வந்தது. மொழிபெயர்ப்பாளனாக அவர்களோடு நடந்தவன் நான். கணவரை இழந்த ஒரு பெண்ணைத் தேர்ந்தெடுத்தார்கள். அவர் அன்று விடியலில் ஏலத்தில் மீனெடுத்து, பேருந்தேறி, சந்தையில் விற்றுமுடித்து, கூடையோடு திரும்பியவர். கூடையை அப்புறம் வைக்கச் சொன்னார்கள். முடிந்திருந்த கூந்தலை அவிழ்க்கச் சொன்னார்கள். உடைந்த படகொன்றின் அருகே அமர்ந்து கடலைப் பார்க்கச் சொன்னார்கள். இவற்றையெல்லாம் அழகான தமிழில் அவருக்கு எடுத்துச் சொன்ன வாய் என்னுடையது. அவரும் தட்டாமல் செய்தார். படம் நன்றாகவே வந்தது என்று பின்னர்க் கேள்விப்பட்டேன். துயரிலும் மாண்பு குன்றாத பெண் என்று பார்த்தவர்கள் பாராட்டினார்களாம்.

படக்குழு புறப்பட்ட பிறகு கூடையை எடுத்துக்கொண்டே அவர் கேட்டார்: "சாமி, நான் யாவாரத்துக்குப் போயிட்டு வந்தத ஏன் எடுக்கல?"

என்னிடம் விடையில்லை. வெளிச்சம் போய்விட்டது என்று ஏதோ சொல்லிச் சமாளித்தேன்.

வரும் ஆண்டு நம் கடற்கரைப் பங்குகளைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்க வேண்டும் என்ற பேச்சு எழுந்திருக்கிறது. அதற்கான குழுவில் என் பெயரையும் சேர்த்திருக்கிறார்கள். திரைக்கதை என்று எனக்குக் காட்டப்பட்ட தாள்களில் "கடலோடு போராடும் மாவீரர்கள்" என்ற சொற்கள் முதற்பக்கத்திலேயே உள்ளன. விசைப்படகுக்கும் நாட்டுப்படகுக்கும் உள்ள பிணக்கு இல்லை. வலைக்கும் இயந்திரத்துக்கும் முன்பணம் கொடுத்தவனுக்கே அவன் சொல்லும் விலையில் மீனை விற்றாக வேண்டிய கட்டாயம் இல்லை. பேருந்தில் மீன்கூடையோடு ஏறும் பெண்ணை இறக்கிவிடும் நடத்துநர் இல்லை. கோயில் கணக்கைக் கேட்டு ஊர்க்கூட்டத்தில் எழும் சண்டையும் இல்லை. கடல் இருக்கிறது, மாலைச் சூரியன் இரண்டு இடங்களில் இருக்கிறது.

குழுவில் நான் வைக்கவிருக்கும் கோரிக்கைகள் இரண்டே. ஒன்று, எவர் முகம் படத்தில் வருகிறதோ அவர் பார்த்து இசையும் வரை அந்தப் பகுதி தொகுப்பில் சேரக்கூடாது. நீக்கச் சொன்னால் நீக்கிவிட வேண்டும். மற்றொன்று, முதல் திரையிடல் ஆயர் இல்லக் கூடத்தில் நடைபெறக்கூடாது. மீன் ஏலம் முடிந்த பிறகு, கடற்கரை மணலில், வலை காயும் இடத்தில் வெள்ளைத் துணி கட்டி நடத்த வேண்டும். அங்கே எழும் கூச்சலையும் படம்பிடித்துப் படத்தின் இறுதியில் சேர்க்கலாம். இவ்விரண்டையும் ஏற்க இயலாதெனில், என் பெயரைக் குழுவிலிருந்து நீக்கிவிடும்படி கேட்டுக்கொள்வேன். இம்முறை மொழிபெயர்க்க நான் வரமாட்டேன்.